ஹிரோஷிமா அமைதி நினைவு அருங்காட்சியகம்: கதிர் அளக்கிற ஒருத்தியின் இரண்டு நாள்

மூன்று மணி நேரம் போதும் என்றுதான் எல்லோரும் சொன்னார்கள். நானும் அப்படித்தான் திட்டம் போட்டேன். கடைசியில் அடுத்தடுத்து இரண்டு நாள் போனேன். முதல் நாள் பாதியிலேயே வெளியே வந்து ஆற்றங்கரையில் உட்கார்ந்துவிட்டேன். ஹிரோஷிமா அமைதி நினைவு அருங்காட்சியகத்தைப் பற்றி எழுத நிறையப் பேர் இருக்கிறார்கள். நான் எழுத வந்ததற்குக் காரணம் என் தொழில்.

நான் மருத்துவ இயற்பியலாளர். புற்றுநோய்க்குக் கதிர்வீச்சு சிகிச்சை தரும் பிரிவில் இருபது வருஷமாக வேலை பார்க்கிறேன். இந்தக் கட்டிக்கு இத்தனை கிரே என்று டாக்டர் எழுதித் தருவார் (உடம்பு வாங்கும் கதிரை அளக்கும் அலகுதான் கிரே). அந்த டோஸ் கட்டியில்தான் போய் விழுகிறதா, பக்கத்திலிருக்கும் முதுகுத்தண்டுக்கும் நுரையீரலுக்கும் எவ்வளவு போகிறது என்று கணக்குப் பார்த்து, மெஷினை அளந்து, கையெழுத்துப் போடுவது என் பொறுப்பு. கதிர் பட்டவர்களுக்குப் பல வருஷம் கழித்துப் புற்றுநோய் வரும் வாய்ப்பு எவ்வளவு என்று நாங்கள் சொல்லும் கணக்குக்கு முக்கியமான ஆதாரம், ஹிரோஷிமாவிலும் நாகசாகியிலும் பிழைத்தவர்களின் உடம்புதான். குண்டு விழுந்தபோது ஊரில் இல்லாதவர்களையும் ஒப்பீட்டுக்குச் சேர்த்து, சுமார் 1,20,000 பேரைப் பல பத்தாண்டுகளாகப் பின்தொடரும் ஆய்வு அது. டோஸ் கூடக் கூடப் புற்றுநோய் வாய்ப்பு எப்படிக் கூடுகிறது என்று அதிலிருந்து போட்ட வளைகோட்டைப் படிக்கிற காலத்தில் கண்ணை மூடிக்கொண்டு வரைவேன். அதன் ஒவ்வொரு புள்ளியிலும் எத்தனை பேர் படுத்திருக்கிறார்கள் என்று ஒரு நாளும் யோசித்ததில்லை. அந்தக் கடன் மனசில் இருந்துகொண்டே இருந்தது. அதனால்தான் போனேன்.

போகிற வழி சுலபம். ஹிரோஷிமா ஸ்டேஷனில் டிராம் ஏறி, அணுகுண்டு மாடத்தின் பெயரிலேயே இருக்கும் நிறுத்தத்தில் இறங்கினால் எதிரிலேயே குண்டில் இடிந்த அந்தக் கட்டடம் நிற்கிறது. அங்கிருந்து பூங்கா வழியாக நடந்தால் அருங்காட்சியகம். நான் போனபோது பெரியவர்களுக்கு நுழைவுக் கட்டணம் 200 யென், ஆடியோ கைடுக்குத் தனியாகக் கொடுக்க வேண்டும். காலையில் திறந்த உடனே போய்விடுங்கள். பத்து மணிக்கு மேல் கூட்டம் நெருக்குகிறது, சின்னச் சின்னக் கண்ணாடிப் பெட்டிகளுக்கு முன்னால் நிற்க இடம் கிடைப்பதில்லை.

கிழக்குக் கட்டடத்தில் நுழைந்து எஸ்கலேட்டரில் மேலே ஏறினால், முதலில் குண்டுக்கு முந்தைய நகரத்தின் படங்கள். அதைத் தாண்டியதும் வெள்ளை நிறத்தில் வட்டமாக ஒரு நகர மாதிரி, அதன் மேல் ஒளிப்படம் விழுகிறது. ஆறுகள், பாலங்கள், வீடுகள். மேலிருந்து குண்டு இறங்கி வந்து நடு வானத்தில் வெடிக்கிறது, நகரம் மறைந்துபோகிறது. சுற்றி நின்ற பள்ளிப் பிள்ளைகள் பேச்சை நிறுத்திவிட்டார்கள். படம் திரும்பத் திரும்ப ஓடுகிறது. நான் நான்கு தடவை பார்த்தேன். நான் பார்த்துக்கொண்டிருந்தது அந்த உயரத்தை.

குண்டு தரையில் வெடிக்கவில்லை, சுமார் 600 மீட்டர் உயரத்தில் வெடித்தது. அது தானாக அமைந்த உயரம் இல்லை. எந்த உயரத்தில் வெடித்தால் அதிர்வலை அதிகப் பரப்பில் கட்டடங்களைச் சாய்க்கும் என்று கணக்குப் போட்டு முடிவு செய்த உயரம். எந்த ஊரில் குண்டு போடுவது என்று ஆராய்ந்த இலக்குக் குழு 1945 மே 10, 11 தேதிகளில், குண்டை உருவாக்கிய லாஸ் அலமாஸ் என்ற அமெரிக்க ஆய்வுக்கூடத்தில், அதன் இயக்குநர் ஓப்பன்ஹைமரின் அலுவலகத்தில் கூடியது. கணித மேதை ஜான் வான் நியூமன் அந்தக் குழுவில் இருந்தார். அந்தக் கூட்டத்தின் குறிப்பில் ஹிரோஷிமாவைப் பற்றி என்ன இருக்கிறது தெரியுமா? பக்கத்தில் குன்றுகள் இருப்பதால் அவை அதிர்வலையைக் குவித்து சேதத்தைக் கணிசமாகக் கூட்டக்கூடும் என்று இருக்கிறது. ஆறுகள் ஓடுவதால் தீ வைப்பதற்கு அவ்வளவு நல்ல இலக்கு இல்லை என்றும் இருக்கிறது.

பூங்காவில் நின்று பார்த்தால் கட்டடங்களுக்குப் பின்னால் அந்தக் குன்றுகள் தெரிகின்றன. அந்தக் குறிப்பை நான் முன்பே படித்திருக்கிறேன். ஆனால் குன்றைக் கண்ணால் பார்த்த பிறகுதான் எனக்கு உடம்பு சில்லிட்டது. அந்த வாக்கியத்தில் வெறுப்பு துளிகூட இல்லை. சுத்தமான, அடக்கமான, தொழில்முறை வாக்கியம். என் ரிப்போர்ட்டுகளை நான் எழுதும் நடை அதேதான்.

அடுத்து முதன்மைக் கட்டடம். வெளிச்சம் மிகக் குறைவு. ஆடியோ கைடை இங்கே நான் காதிலிருந்து எடுத்துவிட்டேன், இங்கே யாரும் எதையும் சொல்லித் தர வேண்டியதில்லை. முதலில் வருவது பள்ளிப் பிள்ளைகளின் உடைகள். தீ பரவாமல் இருக்க வீடுகளை இடித்துச் சந்து போடும் வேலைக்கு அன்று காலை பள்ளிப் பிள்ளைகளைத் திரட்டியிருந்தார்கள். சுமார் 8,000 பேர். அதில் ஏறக்குறைய 6,000 பேர் இறந்துபோனார்கள். திறந்த வெளியில், வெயிலில் நின்று வேலை செய்துகொண்டிருந்தார்கள், மறைவே இல்லை.

சாப்பாட்டு டப்பாவைப் பற்றி எல்லோரும் கேள்விப்பட்டிருப்பீர்கள். நானும் படத்தில் பார்த்திருக்கிறேன். நேரில் அது இவ்வளவு சின்னது என்று நினைக்கவில்லை. என் உள்ளங்கையில் அடங்கிவிடும்போல இருந்தது. தகரம் நெளிந்து, ஓரம் உள்ளே மடங்கியிருக்கிறது. உள்ளே இருப்பது கரி, ஆனால் மொத்தமாகக் கட்டியாகப் போன கரி இல்லை. கிட்டே குனிந்து பார்த்தால் மணி மணியாகத் தெரிகிறது. 13 வயதுப் பையனுடையது. மூன்று நாள் தேடி, அவன் அம்மாதான் உடலைக் கண்டுபிடித்தார். டப்பா அவன் வயிற்றுக்கு அடியில் இருந்தது. அன்று காலை அதைக் கட்டிக் கொடுத்ததும் அவர்தான். நான் அந்தப் பெட்டிக்கு முன்னால் எவ்வளவு நேரம் நின்றேன் என்று தெரியவில்லை. பின்னால் வந்த ஒரு வயதான பெண்மணி என்னைத் தள்ளாமல், சுற்றிக்கொண்டு அடுத்த பெட்டிக்குப் போனார்.

மூன்று சக்கர சைக்கிளும் இருக்கிறது. நான்கு வயதுகூட நிரம்பாத பிள்ளை அதை ஓட்டிக்கொண்டிருந்தபோது குண்டு விழுந்தது. தனியாகப் போய்க் கிடக்க வேண்டாம் என்று அப்பா வீட்டுப் பின்புறத்திலேயே பிள்ளையோடு சைக்கிளையும் சேர்த்துப் புதைத்தார். 40 வருஷம் கழித்து 1985-ல்தான் தோண்டி எடுத்தார்கள். அதன் பக்கத்தில் நான் நிற்கவில்லை. நிற்க முடியவில்லை.

வங்கிப் படிக்கட்டுக் கல் ஒன்று இருக்கிறது. குண்டு வெடித்த இடத்துக்கு நேர் கீழே உள்ள புள்ளியிலிருந்து 260 மீட்டரில் இருந்தது. வங்கி திறக்கட்டும் என்று படியில் யாரோ உட்கார்ந்திருக்கிறார்கள். சுற்றிலும் கல்லின் மேற்பரப்பு வெளுத்துப்போனது, அவர் உட்கார்ந்திருந்த இடம் மட்டும் கறுப்பாகத் தங்கிவிட்டது. இப்போது அது மங்கிக்கொண்டே வருகிறது. இயற்பியல் தெரிந்தவளுக்கு அது ஒரு மறைப்பின் நிழல். நாங்கள் நல்ல உறுப்பைக் கதிரிலிருந்து காக்க ஈயக் கட்டி வைப்போம், பின்னால் நிழல் விழும். அங்கே கல்லைக் காத்தது ஒரு மனித உடம்பு.

என் தொழில் கணக்கை ஒரு தடவை சொல்லிவிடுகிறேன். ஹிரோஷிமாவில் வெடிப்புக்கு நேர் கீழே இருந்து 1 கிலோமீட்டர் தள்ளி, மறைவில்லாமல் நின்றவர் வாங்கிய டோஸ் 4 கிரேக்கு மேல். நான் வழக்கமாக ஒரு நோயாளிக்கு ஒரு நாளைக்குக் கொடுப்பது 2 கிரே, அதுவும் கட்டி இருக்கும் இடத்துக்கு மட்டும். ஒரு கிரேயில் நூறில் சில பங்கு பிசகினாலும் மெஷினை நிறுத்திவிட்டுக் காரணம் தேடுவோம். முழு உடம்புக்கும் 4 கிரே பட்டு, சிகிச்சையும் இல்லையென்றால், பாதிப் பேர் இரண்டு மாதத்துக்குள் போய்விடுவார்கள். வெளியில் ஒரு காயமும் இல்லாமல் உறவினரைத் தேடி நடந்தவர்கள் சில வாரத்தில் முடி கொட்டி, ஈறில் ரத்தம் வடிந்து இறந்தது அப்படித்தான். 1945 முடிவதற்குள் இறந்தவர்கள் சுமார் 1,40,000 பேர். குண்டில் இருந்த யுரேனியம் 64 கிலோ, அதில் பிளந்தது 1 கிலோவுக்கும் குறைவு.

இதோடு முதல் நாள் முடிந்தது. கிழக்குக் கட்டடத்தில் மிச்சம் இருந்த பகுதியை நான் பார்க்காமலே வெளியே வந்தேன். என்னைப் போலவே பலரும் அந்தப் பகுதியைச் சோர்வோடு, வேகமாகத் தாண்டிப் போவதைப் பார்த்தேன். இதைப் படிக்கிறவர்கள் அறிவியல், பொறியியல் துறையில் இருந்தால் உங்களிடம் கெஞ்சிக் கேட்கிறேன்: அந்தப் பகுதிக்குத் தனியாக ஒரு பொழுது ஒதுக்குங்கள். குண்டு எப்படி வந்தது, யார் முடிவெடுத்தார்கள் என்பதெல்லாம் அங்கேதான் வருகிறது. இந்த அருங்காட்சியகம் பாதிக்கப்பட்டவர்களின் பக்கம் நின்று பேசும் இடம், அப்படித்தான் இருக்கவும் வேண்டும். விஞ்ஞானிகளைப் பற்றிய கேள்வியை நாம்தான் கையில் எடுத்துக்கொண்டு போக வேண்டும்.

இரண்டாம் நாள் நான் எடுத்துக்கொண்டு போன கேள்வி ஒரு பழைய பேச்சிலிருந்து வந்தது. வேலைக்குச் சேர்ந்த புதிதில் ஒரு சிகிச்சைத் திட்டம் எனக்குச் சரியாகப் படவில்லை. என் மூத்தவரிடம் சொன்னேன். "நம்ம வேலை நம்பர் கொடுக்கிறதும்மா. அதை வெச்சு என்ன பண்றாங்கங்கறது நம்ம தலைவலி இல்ல" என்றார். நல்ல மனிதர், எனக்குத் தொழில் கற்றுக்கொடுத்தவர். நான் வாயை மூடிக்கொண்டேன். அந்த நோயாளிக்கு ஒன்றும் ஆகவில்லை. ஆனால் வாயை மூடியது நான்தான் என்பது இன்றுவரை உறுத்துகிறது.

1945 ஜூன் 16-ம் தேதி ஓப்பன்ஹைமர், ஃபெர்மி, லாரன்ஸ், காம்ப்டன் ஆகிய நான்கு பேர் கொண்ட அறிவியல் குழு அமெரிக்க அரசுக்கு ஓர் அறிக்கை கொடுத்தது. குண்டை யாருக்கும் சேதமில்லாமல் வெடித்துக் காட்டினால் போர் முடியும் என்று தங்களுக்குத் தோன்றவில்லை, நேரடியாக ராணுவத்தில் பயன்படுத்துவதற்கு ஏற்கத்தக்க மாற்று எதுவும் தெரியவில்லை என்றார்கள். அதே அறிக்கையின் கடைசியில், அணுசக்தி கிளப்பும் அரசியல், சமூக, ராணுவச் சிக்கல்களைத் தீர்ப்பதில் தங்களுக்குத் தனித் தகுதி எதுவும் இல்லை என்றும் எழுதினார்கள். இந்த இரண்டையும் சேர்த்துப் படியுங்கள். தகுதி இல்லை என்பவர்கள் போடு என்று எப்படிச் சொன்னார்கள்? என் மூத்தவர் சொன்னதும் இதுவும் எனக்கு ஒரே குரலாகக் கேட்கிறது. பொறுப்பு வரும்போது நாங்கள் வெறும் நம்பர்காரர்கள். ஆலோசனை கேட்டால் மட்டும் பதில் தயாராக இருக்கும்.

எல்லோரும் அப்படி இல்லை. அந்த அறிக்கைக்கு ஐந்து நாள் முன்னால், ஜூன் 11 அன்று, சிகாகோவில் ஜேம்ஸ் ஃபிராங்க் தலைமையில், அதே குண்டுத் திட்டத்தில் வேலை பார்த்த ஏழு விஞ்ஞானிகள் எழுதிக் கொடுத்தார்கள்: முன்னறிவிப்பில்லாமல் ஜப்பான் மேல் போட வேண்டாம், ஆளில்லாத இடத்தில் ஐக்கிய நாடுகளின் பிரதிநிதிகளுக்குக் காட்டுங்கள், இல்லையென்றால் ஆயுதப் போட்டி ஆரம்பித்துவிடும். அந்த ஏழு பேரில் ஒருவர் லியோ சிலார்ட். ஓர் அணுவில் தொடங்கி அடுத்தடுத்த அணுக்களுக்குப் பரவும் தொடர்வினை சாத்தியம் என்று முதலில் கண்டவர் அவர். 1934-லேயே பேட்டன்டுக்கு விண்ணப்பித்து, அது வெளியே தெரியாமல் இருக்கட்டும் என்று பிரிட்டிஷ் கடற்படையிடம் ஒப்படைத்தவர். ஹிட்லர் முந்திவிடுவானோ என்ற பயத்தில் 1939-ல் ஐன்ஸ்டைனிடம் கையெழுத்து வாங்கி அமெரிக்க அதிபர் ரூஸ்வெல்ட்டுக்குக் கடிதம் அனுப்பியவரும் அவரே. 1945 ஜூலை 17-ல் குண்டுக்கு எதிராக 70 கையெழுத்து திரட்டினார். அந்த மனு அடுத்து அதிபரான ட்ரூமன் கைக்குப் போய்ச் சேரவே இல்லை. ஆரம்பித்துவைத்த கை நிறுத்தப் பார்த்தபோது, பொருள் வேறு கைக்கு மாறிவிட்டிருந்தது.

எனக்கு நெருக்கமானவர் ஜோசப் ராட்பிளாட். போலந்துக்காரர், அவர் மனைவி போலந்திலேயே மாட்டிக்கொண்டு நாஜிகள் கையில் இறந்துபோனார். குண்டு வேலைக்கு வர இவரைவிட நியாயமான காரணம் யாருக்கு இருந்திருக்கும்? ஜெர்மனி குண்டு செய்யவில்லை என்பது 1944 கடைசியில் தெரிந்ததும் அவர் லாஸ் அலமாஸை விட்டுக் கிளம்பிவிட்டார். உளவாளி என்று சந்தேகித்தார்கள். மனசாட்சிக்காக அங்கிருந்து வெளியேறிய விஞ்ஞானி அவர் ஒருவர்தான். 1945 மே மாதம் ஜெர்மனி சரணடைந்த பிறகும் மற்றவர்கள் வேலையைத் தொடர்ந்தார்கள், சொல்லப்போனால் வேகம் கூடியது. லிசே மைட்னர், அணுப் பிளவை முதலில் விளக்கியவர்களில் ஒருவர், கூப்பிட்டபோதே வர மாட்டேன் என்று மறுத்தார்.

ராட்பிளாட் அதற்குப் பிறகு என்ன செய்தார் என்பதுதான் எனக்கு முக்கியம். லண்டனில் ஒரு மருத்துவமனையில் சேர்ந்து கதிர்வீச்சின் மருத்துவப் பக்கத்துக்கு வந்தார். என் தொழிலுக்கு வந்தார். 1955-ல் அணு ஆயுதங்களுக்கு எதிரான ரஸ்ஸல், ஐன்ஸ்டைன் அறிக்கையில் கையெழுத்திட்ட 11 பேரில் ஒருவர், 1957-ல் அணு ஆயுத ஆபத்தைக் குறைக்க விஞ்ஞானிகள் கூடும் பக்வாஷ் மாநாடுகளைத் தொடங்கியவர்களில் ஒருவர், 1995-ல் நோபல் அமைதிப் பரிசு. எங்கள் பாடப் புத்தகத்தில் அவர் பெயர் இல்லை. வளைகோடு மட்டும் இருந்தது.

அமெரிக்க விஞ்ஞானிகளை மட்டும் குற்றம் சொல்லிவிட்டு வர முடியாது. ஆகஸ்ட் 8 அன்று இங்கே வந்து, இது அணுகுண்டுதான் என்று உறுதி செய்தவர் யோஷியோ நிஷினா. ஜப்பான் ராணுவத்துக்காக அதே குண்டைச் செய்ய முயன்ற திட்டத்துக்குத் தலைமை தாங்கியவரும் அவர்தான். பிறகு 1947-ல் அமெரிக்கா தொடங்கிய குண்டுக் காயங்கள் ஆணையம். பிழைத்தவர்களை அழைத்து வந்து ரத்தம் எடுத்தார்கள், எக்ஸ்ரே எடுத்தார்கள், அளந்தார்கள். மருந்து கொடுக்கவில்லை, ஆய்வுதான் வேலை என்றார்கள். என் வளைகோட்டின் வேர் அங்கேதான் இருக்கிறது. அதன் வாரிசு நிறுவனத்தின் தலைவர் 2017-ல், 70-ம் ஆண்டில், அதற்காக வருத்தம் தெரிவித்தார். ஆய்வின் பயனை நானும் என் நோயாளிகளும் தினமும் அனுபவிக்கிறோம். அதனால் இதைச் சொல்லாமல் விட எனக்கு உரிமையில்லை.

இந்த இடத்தைத் தொடங்கிவைத்தவரும் ஒரு விஞ்ஞானிதான் என்பது பலருக்குத் தெரியாது. ஷோகோ நகாவோகா, பாறைகளை ஆராயும் நிலவியலாளர், இங்கே ஒரு பல்கலைக்கழகத்தில் வேலை பார்த்தவர். குண்டு விழுந்த மறுநாள் ஊருக்குள் வந்தவர், கோயில் கல் ஒன்றின் மேற்பரப்பு உருகி முள்ளு முள்ளாக நிற்பதைக் கண்டார். கருங்கல்லை இப்படி ஆக்க என்ன வெப்பம் வேண்டும் என்பது அவருக்குத் தெரியும். அன்றிலிருந்து கல், ஓடு, கண்ணாடி என்று பொறுக்கிக் கொண்டுவந்து வீட்டில் குவித்தார். நிழல்கள் விழுந்த திசையைப் பார்த்து, வெடித்த புள்ளி எது என்று தேடினார். 1955-ல் அருங்காட்சியகம் திறந்தபோது அவர்தான் முதல் இயக்குநர்.

உருகிய கூரை ஓடுகள் முன்னால் நின்றபோது அவர் ஞாபகமாகவே இருந்தது. ஓட்டின் ஒரு பக்கம் சாதாரண ஓடு. மறுபக்கம் பாலாடை கொதித்து நின்றதுபோலப் பொத்துப் பொத்தாகக் கொப்பளம். சில விநாடி வெளிச்சம் பட்டதற்கே அது. லாஸ் அலமாஸில் உயரத்தைக் கணக்குப் போட்டவர்களுக்கும் இந்த ஓட்டைக் கையில் எடுத்தவருக்கும் தெரிந்த இயற்பியல் ஒன்றுதான். நகாவோகா அந்த எண்ணின் பின்னாலேயே நடந்து, அது யார் வீட்டுக் கூரையில் போய் முடிந்தது என்று பார்த்தார். நான் செய்யத் தவறியது அது. எங்கள் தொழிலில் எல்லோரும் செய்ய வேண்டியது அது, அதுவும் கையெழுத்துப் போடுவதற்கு முன்னால்.

முதன்மைக் கட்டடத்தின் கடைசியில் பூங்காவைப் பார்த்த கண்ணாடி வரிசை ஒன்று இருக்கிறது, அங்கே உட்காரலாம். பார்வையாளர்கள் எழுத நோட்டுகள் வைத்திருக்கிறார்கள். எனக்கு முந்தைய பக்கத்தில் குழந்தைக் கையெழுத்தில் ஜப்பானிய மொழியில் ஏதோ இருந்தது, படிக்கத் தெரியவில்லை. நான் தமிழில் என் தொழிலையும், அந்த 13 வயதுப் பையனின் டப்பாவை இன்று பார்த்தேன் என்பதையும் எழுதிவிட்டு வந்தேன்.

வெளியே போகும்முன் கிழக்குக் கட்டடத்தின் கூடத்தில் ஒரு கடிகாரம் இருக்கிறது, தவறவிடாதீர்கள். மேலே ஓர் எண், ஹிரோஷிமாவில் குண்டு விழுந்து எத்தனை நாள் ஆயிற்று என்று. கீழே இன்னொன்று, உலகத்தில் கடைசி அணு ஆயுதச் சோதனை நடந்து எத்தனை நாள் ஆயிற்று என்று. எந்த நாடாவது சோதனை நடத்தினால் கீழே உள்ளதைத் திரும்ப ஆரம்பத்திலிருந்து ஓட விடுவார்கள். 1974-லும் 1998-லும் பொக்ரானில் குண்டு சோதித்த நாட்டிலிருந்து போனவள் நான். அந்தச் சோதனைகளையும் இயற்பியல் படித்தவர்கள்தான் நடத்தினார்கள். அந்த எண்ணுக்கு முன்னால் யாரையும் கைநீட்ட எனக்குத் தோன்றவில்லை.

சின்னக் குழந்தைகளோடு போகிறவர்கள் முதன்மைக் கட்டடத்துக்குள் போகும்முன் யோசித்துக்கொள்ளுங்கள், படங்கள் கடுமையானவை. ஃபிளாஷ் இல்லாமல் படம் எடுக்கலாம், நான் எடுக்கவில்லை. அன்று சாயங்காலம் வேறு எந்தத் திட்டமும் வைத்துக்கொள்ளாதீர்கள். ஆராய்ச்சி மாணவர்களை வழிநடத்துகிறவர்கள் யாராவது இதைப் படித்தால், அவர்கள் முதல் வேலையில் சேர்வதற்கு முன் ஒரு தடவை கூட்டிப் போங்கள். நான் அடுத்த தடவை போகும்போது என்னிடம் பயிற்சிக்கு வந்திருக்கும் இரண்டு பெண்களையும் கூட்டிப் போகிறேன், அவர்களிடம் சொல்லிவிட்டேன்.